ரசீதில் பெயர் இல்லாதவன்





நம்மில் தொழில் செய்கிறவர்கள் அடிக்கடி சொல்லுகிற ஒரு வார்த்தை உண்டு. "நான் யாரையும் ஏமாத்தல. விலை பேசினேன், காசைக் குடுத்தேன், சீட்டு வாங்கினேன். என் கை சுத்தம்." இப்படிச் சொல்லுகிறவர் பொய் சொல்லவில்லை. ஆனாலும் கணக்கு அதோடு முடிந்துவிடுகிறதா? நாம் யாரிடம் விலை பேசினோமோ, அவருக்குப் பின்னால் நிற்கிற மனிதனுக்கு நாம் ஒன்றும் பதில் சொல்லவேண்டாமா?

இந்த மாதம் இதைக் குறித்துச் சற்று ஆழமாய்ச் சிந்திப்போம். அதற்கு உதவியாக, முந்நூறு வருஷத்துக்கு முன்னே நம் சென்னையில் ஆளுநராயிருந்த ஒரு ஆங்கிலேய வியாபாரியின் ஜீவியத்தை எடுத்துக்கொள்ளுவோம்.

குருவானவர் வீட்டுப் பிள்ளை

அவர் பெயர் தாமஸ் பிட். இங்கிலாந்து தேசத்தில் டார்செட் பகுதியிலுள்ள பிளான்ட்ஃபோர்ட் செயின்ட் மேரி என்ற கிராமத்தில் 1653-ல் பிறந்தார். அவருடைய தகப்பனார் அந்த ஊர் ஆலயத்தின் குருவானவர். ஆகவே வேதபுஸ்தகத்தின் சத்தம் கேட்டு வளர்ந்த பிள்ளை என்று நாம் தாராளமாய்ச் சொல்லலாம்.

1674-ல் இந்தியாவுக்குக் கப்பல் ஏறினார். அந்நாட்களில் இங்கிலாந்து ராஜாவின் சாசனப்படி, இந்தியாவோடு வியாபாரம் செய்கிற உரிமை கிழக்கிந்தியக் கம்பெனிக்கு மாத்திரமே உண்டு. பிட் அதற்கு அடங்கி இருக்கவில்லை. வங்காள விரிகுடாவின் வடகரையில் பாலாசோர் என்ற துறைமுகத்தில் தங்கி, தன் சொந்தக் கணக்கில் வாங்கி விற்றார். கம்பெனி வழக்குப் போட்டது. 1,000 பவுண்டு அபராதம் விழுந்தது. பிறகு அது 400 பவுண்டாகக் குறைந்தது. அபராதம் அவரை அசைக்கவில்லை. அதற்குள் அவர் கையில் ஏராளமான பணம் சேர்ந்துவிட்டது.

பணம் வந்தது, அடுத்தாற்போல் அரசியலும் வந்தது. 1689-ல் பிட் பாராளுமன்ற உறுப்பினரானார். ஓல்ட் சேரம் என்ற தொகுதியையும் விலைக்கு வாங்கிக்கொண்டார். தொகுதியை விலைக்கு வாங்குவதா என்று ஆச்சரியப்படாதிருங்கள். அந்தக் கதையைப் பிறகு சொல்லுகிறேன்.

யார் அவர்மேல் வழக்குப் போட்டார்களோ அவர்களே கடைசியில் அவரைக் கூப்பிட்டு, சென்னை செயின்ட் ஜார்ஜ் கோட்டைக்கு ஆளுநராக நியமித்தார்கள். எதிரியாய் வெளியே நிற்பதைவிட உள்ளே வேலைக்காரனாய் இருப்பது மேல் என்று நினைத்தார்கள் போலும்! 1698 ஜூலை மாதம் வந்து சேர்ந்தவர் 1709 வரைக்கும் பதினொரு வருஷம் ஆண்டார். திறமைசாலி என்பதில் சந்தேகமில்லை. 1702-ல் தாவூத் கான் சென்னையை முற்றுகையிட்டு மூன்று மாதம் இருந்தபோது கோட்டையைக் காப்பாற்றினார். 1708-ல் திருவொற்றியூர், நுங்கம்பாக்கம், வியாசர்பாடி, கத்திவாக்கம், சாத்தங்காடு ஆகிய ஐந்து கிராமங்களைக் கம்பெனிக்கு வாங்கிக்கொடுத்தார்.

இந்தச் சரித்திரம் நமக்குத் தூரமானதல்ல. சென்னைக் கோட்டை வடக்கே. கம்பெனி 1690-ல் வாங்கிய கடலூர் செயின்ட் டேவிட் கோட்டை தெற்கே. இரண்டுக்கும் நடுவில் இருப்பது நம்முடைய மரக்காணம் கடற்கரை.

48,000 வராகன்

அக்காலத்தில் கம்பெனி உத்தியோகஸ்தருக்குச் சம்பளம் சொற்பம். ஆனால் சொந்த வியாபாரம் செய்ய அனுமதி உண்டு. சம்பாதித்ததை ஊருக்குக் கொண்டுபோக வைரத்தைவிட வசதியான பொருள் வேறில்லை. சின்னப் பொட்டலத்தில் ஒரு பண்ணையையே கொண்டுபோகலாம் அல்லவா?

1701 டிசம்பரில் ஜாம்சந்த் என்ற பெரிய வைர வியாபாரி ஆளுநரிடம் ஒரு கல்லைக் கொண்டுவந்தார். கிருஷ்ணா நதிப் பக்கத்துச் சுரங்கத்தில் கிடைத்த கல். பட்டை தீட்டாத நிலையில் ஏறக்குறைய 410 கேரட் எடை. ஜாம்சந்த் கேட்ட விலை 2,00,000 வராகன். பிட் சொன்ன விலை 30,000 வராகன். பேரம் மாதக்கணக்கில் நடந்தது. வியாபாரி எழுந்து போவார், மறுபடி வருவார். கடைசியில் 48,000 வராகனுக்கு முடிந்தது. இங்கிலாந்துப் பணத்தில் அது 20,400 பவுண்டு.

மூத்த மகன் ராபர்ட் அதை 1702-ல் இங்கிலாந்துக்குக் கொண்டுபோனார். லண்டனில் இரண்டு வருஷம் பட்டை தீட்டினார்கள். 410 கேரட் கல் சுமார் 140 கேரட்டாக ஒளிவிட்டது. 1717-ல் பிரான்சு தேசத்தின் ராஜப்பிரதிநிதியாயிருந்த ஆர்லியன்ஸ் பிரபு 1,35,000 பவுண்டுக்கு வாங்கினார். அவருடைய பதவியின் பெயராலே அந்த வைரத்துக்கு "ரீஜென்ட்" என்று பெயர் வந்தது. 1792-ல் பாரிஸ் கலகத்தில் திருடுபோய், அடுத்த வருஷம் அகப்பட்டது. நெப்போலியனின் வாள்பிடியில் பதிக்கப்பட்டது. இன்று அது பாரிஸ் லூவ்ர் அருங்காட்சியகத்தின் சேகரிப்பைச் சேர்ந்தது. 2025 அக்டோபரில் அங்கே பட்டப்பகலில் ராஜ நகைகள் களவுபோனபோது, இந்தக் கல் தப்பியது.

பிட்டின் வம்சமோ எங்கேயோ போய்விட்டது. பேரனும் பிரதம மந்திரி, கொள்ளுப்பேரனும் பிரதம மந்திரி. இருவருக்கும் வில்லியம் பிட் என்றே பெயர்.

ஒரு சாட்சியம்

கல் கிடைத்தது, மனநிம்மதி கிடைக்கவில்லை. சென்னையில் அவருக்கு விரோதமாயிருந்தவர்கள், ஆளுநர் தன் அதிகாரத்தைக் காட்டி மிரட்டித்தான் அந்தக் கல்லைப் பறித்தார் என்று பேசினார்கள். அந்தப் பேச்சு கடல் தாண்டியும் அவரைத் தொடர்ந்தது.

1709-ல் பதவி போய்ப் புறப்பட்ட பிட், வழியில் நார்வே தேசத்துப் பெர்கன் பட்டணத்தில் தங்கினார். அங்கே 1710 ஜூலை 29-ம் தேதி தன் கைப்பட ஒரு சாட்சியம் எழுதினார். கல் எப்படி வந்தது, ஜாம்சந்த் எவ்வளவு கேட்டார், தான் எவ்வளவு சொன்னார், எப்படி முடிந்தது என்று ஒவ்வொன்றாய் எழுதி, பயமுறுத்தல் ஒன்றுமில்லை, நேர்மையாய் வாங்கினேன் என்று தேவனைச் சாட்சியாக வைத்து அறிக்கையிட்டார்.

அவர் எழுதினதை நான் நம்புகிறேன். பேரம் பேசினார், ஒத்துக்கொண்ட விலையைக் கொடுத்தார். அவரைத் திருடன் என்று சொல்ல நியாயமில்லை. ஆகவேதான் இந்த மனிதனைத் தெரிந்துகொண்டேன். திருடனைப்பற்றி எழுதினால் நாம் எல்லாரும் "நான் அப்படியில்லை" என்று பக்கத்தைப் புரட்டிவிடுவோம். நேர்மையாய் வாங்கினவனைப்பற்றி எழுதினால், அது நம் வீட்டு வாசலில் வந்து நிற்கும்.

ஜனங்கள் உண்டாக்கின கதை

இந்தக் கல்லைப்பற்றி இன்னொரு கதை வழங்கிவருகிறது. சுரங்கத்தில் ஒரு அடிமை இந்தக் கல்லைக் கண்டெடுத்தானாம். தன் காலிலேயே காயம் உண்டாக்கி, கட்டுக்குள்ளே கல்லை ஒளித்து, கடற்கரைக்கு ஓடினானாம். ஒரு ஆங்கிலேயக் கப்பல் தலைவனிடம் "என்னை விடுவித்துக் கொண்டுபோ, பாதி உனக்கு" என்றானாம். தலைவன் கல்லைப் பிடுங்கிக்கொண்டு அவனைக் கடலில் தள்ளினானாம். கல்லை ஜாம்சந்துக்கு விற்று, காசைக் குடித்துத் தீர்த்து, கடைசியில் தூக்குப்போட்டுச் செத்தானாம்.

இதற்கு ஆதாரம் ஒன்றும் கிடையாது. பிட் எழுதின சாட்சியத்தில் அடிமையும் இல்லை, கப்பல் தலைவனும் இல்லை. கட்டுக்கதை என்று தள்ளிவிடலாம்.

ஆனால் சற்று நில்லுங்கள். ஜனங்கள் ஏன் இப்படி ஒரு கதையைக் கட்டினார்கள்? ஆளுநர் கொடுத்தது, வியாபாரி வாங்கினது என்று இரண்டு பேரோடு முடிகிற கணக்கை அவர்கள் மனச்சாட்சி ஏற்கவில்லை. "இதைத் தோண்டினவன் ஒருவன் இருப்பானே, அவன் எங்கே?" என்று அது கேட்டது. ரசீதில் அவன் பெயர் இல்லை. பெயர் இல்லாத இடத்தில் ஜனங்கள் ஒரு அடிமையை நிறுத்தினார்கள். கதை பொய். கேள்வி மெய்.

மூன்று வராகன் கூலி

அந்த மெய்யான மனிதனைப்பற்றி நமக்கு ஒன்றுமே தெரியாதா? கொஞ்சம் தெரியும். பிட்டுக்குச் சில பத்து வருஷங்களுக்கு முன் தவெர்னியே என்ற பிரெஞ்சு நகை வியாபாரி கோல்கொண்டாப் பக்கத்துச் சுரங்கங்களை நேரில் பார்த்தார். 1676-ல் வெளிவந்த தன் பிரயாணப் புஸ்தகத்தில் எழுதினார். ராவல்கொண்டா என்ற சுரங்கத்தில் தொழில் நன்றாய்த் தெரிந்த ஆளுக்கே வருஷத்துக்கு மூன்று வராகன்தான் கூலி என்கிறார். கூலி இத்தனை குறைவாயிருப்பதால் கல்லை விழுங்கித் திருடப் பார்ப்பார்களாம். ஒருவன் கண்ணின் ஓரத்திலே கல்லைச் சொருகி ஒளித்தானாம். ஆகவே காவலாளிகளை நிறுத்தியிருந்தார்கள்.

இப்போது ஒரு கணக்குப் போடுவோம். ராவல்கொண்டா வேறே சுரங்கம், காலமும் சற்று முந்தினதுதான். ஆனாலும் அளவு தெரியும் பொருட்டு அந்தக் கூலியையே எடுத்துக்கொள்ளுவோம். 48,000 வராகன் என்பது 16,000 வருஷக் கூலி. ஆயிரத்து அறுநூறு பேர் பத்து வருஷம் மண்ணைத் தோண்டினால் வாங்கும் கூலி. பிட் அந்தக் கல்லை விற்ற விலையோ, வாங்கின விலைக்கு ஆறு மடங்குக்கும் மேல்.

பிட் அந்தச் சுரங்கத்தை நடத்தவில்லை. கூலியை அவர் நிர்ணயிக்கவில்லை. அது கோல்கொண்டா ராஜ்யத்தின் ஏற்பாடாய் வந்து, பிறகு மொகலாயர் கையில் போனது. "எனக்கும் அவனுக்கும் என்ன?" என்று பிட் கேட்டிருந்தால் நாம் என்ன பதில் சொல்லுவோம்?

நான் சொல்லுகிற பதில் இதுதான். அந்தக் கூலியை நீ நிர்ணயிக்கவில்லை. ஆனால் அந்தக் கூலியின்மேல்தான் உன் லாபம் நின்றது. தான் வியாபாரியை மிரட்டவில்லை என்று நிரூபிக்க அவர் அத்தனை பிரயாசப்பட்டார். பேரத்தில் தன் எதிரே உட்கார்ந்திருந்தவனுக்கு நியாயம் செய்தேனா என்பதே அவருக்கு முழுக் கேள்வியாக இருந்தது. தேவனைச் சாட்சியாக வைத்தவர், தேவன் அந்த அறையைமட்டும்தான் பார்த்தார் என்று நினைத்துக்கொண்டார்.

சட்டப்படி சரி

இனி ஓல்ட் சேரம் கதைக்கு வருவோம். அது ஒரு காலத்தில் பட்டணமாயிருந்த மேடு. பிட்டின் நாட்களில் குடியிருப்பு அநேகமாய் இல்லை. ஆனாலும் பழைய வழக்கத்தின்படி பாராளுமன்றத்துக்கு இரண்டு உறுப்பினர்! வாக்குரிமை சில மனைகளோடு ஒட்டியிருந்தது. மனைகளை வாங்கினவன் கையில் வாக்கு. வாக்கு இருந்தால் தொகுதி. பேரன் வில்லியம் பிட் 1735-ல் முதன்முதல் பாராளுமன்றத்துக்குள் போனதும் அந்தத் தொகுதியின் மூலமாகவே. அதே நேரத்தில் மான்செஸ்டர் போன்ற ஊர்களுக்கு ஒரு உறுப்பினர்கூடத் தனியாகக் கிடையாது. புல்லு முளைத்த மேட்டுக்குப் பிரதிநிதி உண்டு, பாடுபடுகிற ஜனத்துக்கு இல்லை. 1832-ல்தான் சீர்திருத்தச் சட்டம் வந்து ஓல்ட் சேரத்தை ஒழித்தது.

பிட் அதை வாங்கினது சட்டப்படி சரி. பத்திரம் சரி, பணம் சரி. வைரமும் சட்டப்படி சரி. இரண்டிலும் கணக்கில் வராமல் போனவர்கள் சம்பந்தப்பட்ட ஏழைகளே.

"சட்டப்படி சரி" என்ற வார்த்தையை உப்புக் காய்ச்சுகிற ஊரார் மறக்கக்கூடாது. 1805-ல் கம்பெனி சென்னை ராஜதானியில் உப்பைத் தன் ஏகபோகமாக்கியது. அளத்திலே வெயிலில் நின்று உப்பு எடுத்தவனுக்கு அதைத் தன் இஷ்டப்படி விற்க உரிமையில்லை. தன் வீட்டுக்கு நாலு கைப்பிடி அள்ளினால் திருட்டு. இதெல்லாம் சட்டப்படிதான் நடந்தது. அந்தச் சட்டத்தை மீறி 1930 ஏப்ரலில் ராஜாஜியும் தொண்டர்களும் திருச்சியிலிருந்து வேதாரண்யத்துக்கு நடந்துபோய் உப்பு எடுத்துச் சிறைக்குப் போனார்கள். அவர்களைக் குற்றவாளிகள் என்றது சட்டம். இன்று நாம் அப்படிச் சொல்லுகிறோமா?

நாபோத்தின் திராட்சத்தோட்டத்தையும் நினைத்துக்கொள்ளுங்கள். முத்திரை போட்ட கடிதம் இருந்தது, சாட்சிகள் இருந்தார்கள், மூப்பர் கூடின நியாயசபை இருந்தது. காகிதத்தில் குறையே இல்லை. ஆனாலும் ஆகாப் தோட்டத்துக்குள் கால் வைத்ததும் எலியா வந்து நின்றான்.

கோபுரத்தில் பெயர்

பிட் தேவ காரியங்களுக்குக் கொடாதவர் அல்ல. ஊருக்குத் திரும்பினபின், தகப்பனார் ஊழியம் செய்த ஆலயத்தைப் புதுப்பித்தார். ஓல்ட் சேரத்துக்குப் பக்கத்தில் ஸ்ட்ராட்ஃபோர்ட் கிராமத்து ஆலயக் கோபுரத்தைக் கட்டிக்கொடுத்தார். அந்தக் கோபுரத்திலே தாமஸ் பிட், உபகாரி, 1711 என்று அவர் பெயர் வெட்டப்பட்டிருக்கிறது.

கொடுத்தது நல்லதுதான். கோபுரம் கட்டினதைக் குறை சொல்லவில்லை. ஆனால் கொடுத்தவன் பெயர் கல்லிலே இருக்கிறது. தோண்டினவன் பெயர் காகிதத்திலும் இல்லை. இதை நம் சபைகளில் பேசவேண்டியது அவசியம். கட்டட நிதிக்குப் பெரிய தொகை கொடுக்கிறவரை மேடைக்கு அழைத்து சால்வை போடுகிறோம். அவருடைய களத்தில் வேலை செய்கிற சகோதரி கடைசி வரிசையில் உட்கார்ந்து கைதட்டுகிறாள். அவளுடைய பாக்கி தீர்ந்ததா என்று நாம் கேட்கிறதில்லை. தசமபாகம் கொடுத்துவிட்டால் மீதி ஒன்பது பாகம் தானாய்ச் சுத்தமாகிவிடுமா? சகேயு வீட்டில் என்ன நடந்தது? அவன் காணிக்கைப் பெட்டியைத் தேடவில்லை. யாரிடம் அநியாயமாய் வாங்கினானோ அவர்களுக்கே நாலத்தனையாய்த் திரும்பக் கொடுக்கிறேன் என்றான். கொடுப்பது வேறே, திருப்பிக் கொடுப்பது வேறே.

நம்முடைய அளம்

இனி நம் ஊருக்கு வருவோம். தை பிறந்து பனி குறைந்ததும் மரக்காணத்து அளங்களில் வேலை துவங்குகிறது. பாத்தி மிதித்து, வரப்புக் கட்டி, தண்ணீர் பாய்ச்சி, வெயிலுக்குக் காத்திருந்து, உப்பு பூத்ததும் வாரிச் சேர்க்கிறார்கள். பெண்கள் தலைச்சுமையாய்க் கொண்டுபோய் அம்பாரம் போடுகிறார்கள். வெள்ளை உப்பில் பட்டுத் தெறிக்கிற வெயில் கண்ணைப் பறிக்கும். உப்புத் தண்ணீரில் ஊறி ஊறிக் கால் வெடிக்கும். ஐப்பசி மழை பிடித்தால் அளம் தண்ணீரில் முழுகும், வேலை நின்றுபோம். அந்த மாதங்களில் அடுப்பு எரிய முன்பணம் வாங்குகிறார்கள். அடுத்த பருவத்துக் கூலியில் அது கழிகிறது. எவ்வளவு கழிந்தது, எவ்வளவு மீதி என்பது சில இடத்தில் மேஸ்திரியின் நோட்டுக்கு மாத்திரமே தெரியும்.

நம் சபைகளில் குத்தகைக்காரரும் இருக்கிறார்கள், உப்பு வாங்கி லாரி ஏற்றுகிற வியாபாரியும் இருக்கிறார், மேஸ்திரியும் இருக்கிறார், உப்பு சுமக்கிற சகோதரியும் இருக்கிறாள். நாலு பேரும் ஒரே பாட்டைப் பாடுகிறார்கள், ஒரே அப்பத்தில் பங்கு பெறுகிறார்கள்.

இதைச் சொன்னால் வியாபாரி என்ன சொல்லுவார் தெரியுமா? "ஐயா, நான் மேஸ்திரிகிட்ட பேசினதை ஒரு ரூபாய் குறையாம குடுத்துட்டேன். அவர் ஆளுங்களுக்கு என்ன குடுக்கிறார்னு நான் போய் எட்டிப் பாக்க முடியுமாங்க? நான் அதிகம் குடுத்தா, பக்கத்து வியாபாரி குறைச்சு வாங்கி என் சரக்கை மார்க்கெட்ல ஓட்ட விடமாட்டான். எனக்கும் புள்ளக் குட்டி இருக்கில்லையா?"

இது பொய்யான பேச்சல்ல. உப்பு வியாபாரத்தில் லாபம் சொற்பம். மழை ஒரு வாரம் முந்தி வந்தால் போட்ட முதல் கரைந்துபோம். ஆகவே இந்தச் சகோதரனை நியாயந்தீர்க்க நான் துணியவில்லை. ஆனால் அவர் பேச்சில் இரண்டு காரியம் கலந்திருக்கிறது. "என்னால் முழுவதையும் சரிசெய்ய முடியாது" என்பது ஒன்று; அது உண்மை. "ஆகவே எனக்குத் தெரியவும் வேண்டாம்" என்பது இன்னொன்று; அங்கேதான் ஆத்துமா வழுக்குகிறது. முடியாமை பாவமல்ல. தெரிந்துகொள்ளாதபடிக்குக் கண்ணை மூடிக்கொள்வது அப்படியல்ல. அறுப்பறுத்தவர்களின் பிடித்துவைக்கப்பட்ட கூலியே கூக்குரலிடுகிறது என்று யாக்கோபு ஐசுவரியவான்களுக்கு எழுதினபோது, காகிதத்தில் கையெழுத்து இருந்ததா என்று அவன் விசாரிக்கவில்லை.

எவ்வளவு தூரம் கேட்பது?

"அப்படியானால் நான் சாப்பிடுகிற ஒவ்வொரு பருக்கைக்குப் பின்னாலும் யார் யார் என்று தேடிக்கொண்டே இருக்கவேண்டுமா? வாழ முடியுமா?" என்று ஒருவர் கேட்கலாம். நியாயமான கேள்வி.

தாவீதின் ஜீவியத்தில் ஒரு சம்பவம். பெத்லகேம் ஊர்க் கிணற்றுத் தண்ணீர்மேல் அவனுக்கு ஆசை வந்தது. அப்போது அந்த ஊர் சத்துருவின் கையில் இருந்தது. மூன்று பராக்கிரமசாலிகள் பாளயத்தைக் கிழித்துக்கொண்டு போய்த் தண்ணீர் மொண்டு வந்தார்கள். தாவீது யாரையும் ஏவவில்லை, திருடவில்லை. ஆனாலும் குடிக்க மனதில்லாமல் கர்த்தருக்கென்று ஊற்றிப்போட்டான். மற்றவர்கள் பார்த்தது தண்ணீர். அவன் அதில் மூன்று பேருடைய உயிரைப் பார்த்தான். உலகத்துக் கிணறுகளையெல்லாம் அவன் விசாரிக்கவில்லை என்பதையும் கவனியுங்கள். தன் கைக்கு வந்த பாத்திரத்தை மாத்திரம் பார்த்தான்.

அளவு அதுதான். சங்கிலி முழுவதையும் நீங்கள் இழுக்கவேண்டாம். உங்கள் கையில் இருக்கிற கண்ணிக்கு அடுத்த கண்ணியைக் கேளுங்கள். வியாபாரி மேஸ்திரியைக் கேட்கட்டும். குத்தகைக்காரர் நோட்டைத் திறந்து பார்க்கட்டும். அவனவன் ஒரு கண்ணியைக் கேட்டால் சங்கிலி முழுவதும் கேட்கப்பட்டதாகும்.

இதனால் என்ன பிரயோஜனம் என்கிறீர்களா? இங்கிலாந்திலேயே ஒரு திருஷ்டாந்தம் உண்டு. பிட்டின் கொள்ளுப்பேரன் பிரதம மந்திரியாயிருந்த 1791-ல், அடிமை வியாபாரத்தை நிறுத்த வில்பர்ஃபோர்ஸ் கொண்டுவந்த மசோதா பாராளுமன்றத்தில் தோற்றது. பிரதம மந்திரியே ஆதரித்தும் தோற்றது. அப்பொழுது சாதாரண வீட்டுப் பெண்கள் ஒரு காரியம் செய்தார்கள். மேற்கிந்தியத் தீவுகளில் அடிமைகள் விளைவித்த சர்க்கரையை வாங்க மறுத்தார்கள். அவர்களுக்கு வாக்குரிமை கிடையாது. கடைக்காரரிடம் அவர்கள் கொடுத்த காசும் நேர்மையான காசுதான். ஆனாலும் "இதைப் பயிரிட்டவன் யார்?" என்று கேட்டார்கள். டீயைச் சர்க்கரை இல்லாமல் குடித்தார்கள். உடனே ஒன்றும் நடக்கவில்லை. பதினாறு வருஷம் கழித்து, 1807-ல், அடிமை வியாபாரம் சட்டத்தினால் நிறுத்தப்பட்டது. சர்க்கரை வாங்காததினால் மாத்திரம் நடந்தது என்று சொல்லமாட்டேன். ஆனால் கேட்கிற ஜனம் உண்டாகாமல் அந்தச் சட்டம் உண்டாகியிராது.

தாத்தா கேட்காத கேள்வியை அவர் வம்சத்தின் காலத்தில் அடுப்பங்கரைப் பெண்கள் கேட்டார்கள். அந்தக் கொள்ளுப்பேரனோ 1806-ல் மரித்தபோது 40,000 பவுண்டு கடன் வைத்துப்போனார். பாராளுமன்றம் அதை அடைத்தது. வைரத்தின் ஐசுவரியம் அத்தனை தூரம்கூடத் துணைவரவில்லை.

செய்யவேண்டியது

பிரியமானவர்களே, எழுப்புதலுக்காக உபவாசம் பண்ணுகிறோம், இரா ஜெபம் வைக்கிறோம். நல்லது. அதோடு அடுத்த பருவம் துவங்குமுன் இதையும் செய்யுங்கள்.

ஆள் வைத்து வேலை வாங்குகிறவர்கள் ஒரு நோட்டு வாங்குங்கள். உங்களிடம் நேரடியாகவோ மேஸ்திரி மூலமாகவோ வேலை செய்கிற ஒவ்வொருவருடைய பெயரையும் அதில் எழுதுங்கள். "ஆள் பன்னிரண்டு" என்று எழுதாதிருங்கள், பெயரை எழுதுங்கள். எத்தனை நாள் வேலை, என்ன கூலி, முன்பணம் எவ்வளவு, கழிந்தது எவ்வளவு, மீதி எவ்வளவு என்று குறியுங்கள். வாரக் கடைசியில் அதை அவர்களுக்கே வாசித்துக் காட்டுங்கள். எழுதப் படிக்கத் தெரியாத சகோதரிக்கும் காது உண்டு, அவள் வீட்டில் பள்ளிக்கூடம் போகிற பிள்ளை உண்டு. வாசிக்கும்போது உங்கள் குரல் எந்த இடத்தில் தடுமாறுகிறதோ, அங்கேதான் திருத்தவேண்டியது இருக்கிறது.

இதனால் உங்கள் லாபம் சற்றுக் குறையலாம். குறையாது என்று நான் வாக்குக் கொடுக்கமாட்டேன். ஆனால் பெர்கன் பட்டணத்தில் தாமஸ் பிட் உட்கார்ந்து எழுதினதுபோல், என் கை சுத்தம் என்று நீங்கள் தனியே சாட்சியம் எழுதவேண்டியிராது. அந்த நோட்டே சாட்சி சொல்லும். அதில் எழுதப்பட்ட பெயர்காரரும் உங்களுக்காகச் சாட்சி சொல்லுவார்கள்.

கர்த்தர் தாமே உங்களையும், உங்கள் களத்தையும், உங்கள் களத்தில் கைவைத்து உழைக்கிற யாவரையும் ஆசீர்வதிப்பாராக. ஆமென்.